சம்பந்தம் பேசப் போகும் வழியில் ஜப்பான் துவக்கு

புத்தளத்திலிருந்து கற்பிட்டிக்குப் போகும் பஸ்ஸில், முன் சீட்டிலிருந்த பெண் தன் கணவரிடம் கெஞ்சிக்கொண்டிருந்தார்.

"மாப்புள வீட்டுல அந்த ஜப்பான்காரன்ட துவக்குக் கதைய எடுக்காதீங்க. ஆம்புளைகள்கிட்ட நீங்க அதச் சொன்னதாலதான் போன சம்பந்தம் தவறிப் போச்சாம்."

"நல்ல கதைதானே! தூக்கிட்டுப் போற மாதிரி புது மெஷின் துவக்கு ஒண்டு செஞ்சான். சுட்டும் பாத்தான். பொறகு திடீரெண்டு வேணாமெண்டு நிப்பாட்டிட்டான்."

"இது நம்ம மகள்ட வாழ்க்கை."

"சரி, வாயே தொறக்க மாட்டேன்."

சொன்னபடியே அவர் வாயை மூடிக்கொண்டார். பஸ் எத்தாளையைத் தாண்டியது. காசை வாங்கிய பிறகும் கண்டக்டர் நகராமல் அவருக்குப் பக்கத்திலேயே நின்றார். மனைவி இரண்டு முறை கணவரின் முகத்தைப் பார்த்தார்.

"ஏன் நிப்பாட்டினான்?" என்று மெதுவாகக் கேட்டார்.

"அங்க மாப்புளட வாப்பாக்குச் சொல்லக்குள்ள கேட்டுக்கோ."