இரண்டாயிரம் சதுர அடி நீலம்

பெருமைக்குரிய அவைத்தலைவர் அவர்களே! கட்டடத் தொழிலாளர் சங்கத்தைக் கண்ணும் கருத்துமாகக் காத்துவரும் செயலாளர் அவர்களே! கல்லோடு கல் பொருத்திக் கரணையால் கவி பாடும் கொத்தனார் பெருமக்களே! கம்பி கட்டும் தோழர்களே! குழாய் பதிக்கும் கூட்டாளிகளே! கலவைச் சட்டியோடு இந்த நகரத்தின் நாற்பது மாடிகளையும் தலையில் சுமந்த தாய்மார்களே! "இவன் எப்போது முடிப்பான், டீ எப்போது வரும்" என்று முன்வரிசையில் பொறுமை காக்கும் பெரியோர்களே! மூன்றாவது வரிசையில் அமர்ந்து, இப்போதே கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டும் என் வீட்டு அம்மையாரே! உங்கள் அனைவருக்கும் இந்தப் பெயிண்டரின் பணிவான வணக்கம்!

பத்து நிமிடம் கொடுத்திருக்கிறார் தலைவர். பத்து நிமிடத்தில் நான் ஒரு கதவுக்குப் பிரைமர்கூட அடிக்க மாட்டேன்! ஆனாலும் இன்று சுருக்கிக்கொள்வேன். ஏனென்றால் என் நெஞ்சு ஒரு வாரமாகத் துள்ளிக்கொண்டிருக்கிறது. இந்தச் சேதியைச் சொல்லாமல் இன்னொரு நாள் இருந்தால் நான் வெடித்துவிடுவேன்!

தோழர்களே, வீடு கட்டுகிறவர்கள் நாம். ஊருக்கெல்லாம் கட்டுகிறோம். நமக்கென்று ஒன்று வாங்கும்போது என்ன செய்கிறோம்? கடன் வாங்குகிறோம். வாங்கும்போது என்ன கேட்கிறோம்? "மாசம் எவ்வளவு?" என்று கேட்கிறோம். ஒரே ஒரு கேள்வி! சிமென்ட் மூட்டை வாங்கினால் எடை பார்க்கிறோம். மணல் இறக்கினால் கையில் அள்ளிப் பார்க்கிறோம். பெயிண்ட் டப்பா வாங்கினால் மூடியைத் திறந்து மோந்து பார்க்கிறோம். வாழ்நாளெல்லாம் கட்டப்போகும் கடனை மட்டும் ஏன் தோழர்களே மூடியைத் திறந்து பார்ப்பதில்லை?

நானும் பார்க்கவில்லை. நான் வாங்கியது இருபது லட்சம். நூற்றுக்கு ஒன்பது வட்டி. இருபது ஆண்டுகள். மாதம் ஏறக்குறையப் பதினெட்டாயிரம். "கட்டிடலாம் சார்" என்றேன். காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டேன். இருபத்து மூன்று கையெழுத்து! என் கல்யாணத்துக்குக்கூட நான் ஒரு கையெழுத்துத்தான் போட்டேன். அதற்கே இந்த அம்மையார் இத்தனை வருடம் கணக்குக் கேட்கிறார்.

வீட்டுக்கு வந்ததும் பீரோக் கதவின் உட்புறத்தில் பென்சிலால் கட்டம் போட்டேன். இருநூற்று நாற்பது மாதம், இருநூற்று நாற்பது கட்டம். தவணை கட்டியதும் ஒரு கட்டத்தை அடிப்பேன். மழை பெய்து வேலை நின்ற மாதமும் அடித்தேன். சாரத்திலிருந்து சறுக்கி விழுந்து கட்டுப் போட்டிருந்த மாதமும் இடது கையால் அடித்தேன். இப்படியே பத்து ஆண்டுகள். ஒருநாள் நூற்றிருபதாவது கட்டத்தை அடித்துவிட்டு நிமிர்ந்தேன். ஆகா! பாதி முடிந்தது! பாதி வீடு என் வீடு!

தலைகால் புரியவில்லை எனக்கு. பெயிண்டர் ஒருவனுக்கு மகிழ்ச்சி வந்தால் என்ன செய்வான்? பெயிண்ட் அடிப்பான்! எங்கள் வீட்டுக்குள் மொத்தச் சுவர் இரண்டாயிரம் சதுர அடி. அளந்தேன். சரியாக ஆயிரம் அடிக்குக் கோடு போட்டேன். கூடம் முழுவதும், சமையலறை முழுவதும், நடையில் பாதி. வெள்ளைச் சுவருக்குப் பட்டி பார்த்து, தேய்த்து, வான நீலத்தில் இரண்டு கோட்! மச்சானைக் கூப்பிட்டேன். அவர் வந்து நடையின் நடுவில், நீலமும் வெள்ளையும் சந்திக்கும் இடத்தில் நின்றுகொண்டார்.

"மாமா, நான் இப்ப ஒரு கால உங்க வீட்டுலயும் ஒரு கால பேங்க்லயும் வெச்சிருக்கேன்!" என்றார்.

கைதட்டினோம். கேக் வெட்டினோம். பாதிக் கேக்தான் வெட்டினோம். மீதிப் பாதியைப் பத்து வருடம் கழித்துச் சாப்பிடலாம் என்றேன். சிரிக்கிறீர்களா? சிரியுங்கள், சிரியுங்கள்! மறுநாள் நான் செய்த கூத்தைக் கேட்டால் இன்னும் சிரிப்பீர்கள்.

மறுநாள் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வங்கிக்குப் போனேன். கடன் பிரிவில் கண்ணாடி போட்ட அம்மா ஒருவர். நல்ல மனுஷி. அவர் எதிரில் அமர்ந்து, "மேடம், பாதி வீடு என்னோடதாயிடுச்சு. அதுக்கு ஒரு சர்ட்டிபிகேட் தருவீங்களா? பிரேம் போட்டு மாட்டணும்" என்று கேட்டேன்.

அந்த அம்மா என்னைப் பார்த்தார். கம்ப்யூட்டரைப் பார்த்தார். மறுபடி என்னைப் பார்த்தார். "சார், கொஞ்சம் தண்ணி குடிக்கிறீங்களா?" என்றார்.

திரையை என் பக்கம் திருப்பினார். பத்து ஆண்டில் நான் கட்டிய பணம் இருபத்தொன்றரை லட்சம். வாங்கியதே இருபதுதான் தோழர்களே! வாங்கியதைவிட அதிகமாகக் கட்டிவிட்டேன். மீதி எவ்வளவு இருக்க வேண்டும்? ஏதோ கொஞ்சம்? இல்லை. பாதி? அதுவும் இல்லை. மீதி பதினாலு லட்சத்து இருபதாயிரம்!

"அப்ப நான் கட்டினதெல்லாம் எங்க மேடம் போச்சு?"

"வட்டிக்குப் போச்சு சார். மொத மாசம் நீங்க கட்டின பதினெட்டாயிரத்துல பதினஞ்சாயிரம் வட்டி. அசல்ல கழிஞ்சது மூவாயிரம்தான். அசல் குறையக் குறையத்தான் வட்டி குறையும். மொத்தமா நீங்க கட்டப்போறது நாப்பத்து மூணு லட்சம். எல்லாம் நீங்க கையெழுத்துப் போட்ட பேப்பர்ல இருக்கு சார்."

இருந்தது. பொய் சொல்ல மாட்டேன். பதினோராம் பக்கத்தில் பளிச்சென்று இருந்தது. யாரும் என்னை ஏமாற்றவில்லை. அவர்கள் எழுதினார்கள், நான் படிக்கவில்லை.

வீட்டுக்கு வந்தேன். நீலச் சுவரின் முன்னால் தரையில் உட்கார்ந்துவிட்டேன். அம்மையார் வேலையிலிருந்து வந்தார். துணி ஆலையில் தரம் பார்ப்பது அவர் வேலை. நெசவில் பிழை இருந்தால் சாக்பீஸால் வட்டம் போடுவார். அவர் கையில் சிக்கிய பிழை தப்பியதில்லை. இருபத்தாறு வருடமாக நானும் தப்பவில்லை.

"என்னங்க, முகம் ஏன் இப்படி இருக்கு?"

சொன்னேன். கடனைச் சொன்னேன். சொன்னதோடு நிற்கவில்லை. ஒரு மாதமாக நான் மறைத்து வைத்திருந்த இன்னொன்றையும் சொன்னேன். என் வலது தோள். கூரைக்கு ரோலர் போடும்போது சுருக் சுருக்கென்று குத்தும். டாக்டர் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, "தலைக்கு மேல கை தூக்குற வேலை இன்னும் அஞ்சாறு வருஷம்தான் தாங்கும்" என்று சொல்லியிருந்தார். கைக்கு ஆறு வருடம். கடனுக்குப் பத்து வருடம். நடுவில் நிற்கும் நான்கு வருடத்துக்கு யார் வந்து தவணை கட்டுவார்கள்? மூன்று மாதம் கட்டாவிட்டால் வங்கியிலிருந்து ஆள் வருவார்களே! பயந்துவிட்டேன் தோழர்களே. கூசாமல் சொல்கிறேன், அழுதுவிட்டேன்.

அந்த அம்மையார் அழவில்லை. பையிலிருந்து சாக்பீஸை எடுத்தார்! "அசல்ல எவ்வளவு கழிஞ்சிருக்கு?" என்றார். "அஞ்சு லட்சத்து எண்பதாயிரம்" என்றேன். "இருபது லட்சத்துக்கு ரெண்டாயிரம் அடின்னா, ஆயிரத்துக்கு ஒரு அடி. அப்ப ஐந்நூத்து எண்பது அடிதான் நம்மது." டேப்பைப் பிடிக்கச் சொன்னார். அளந்தார். கூடத்தின் ஓரத்தில் மேலிருந்து கீழே ஒரு கோடு கிழித்தார்.

"இதோட முடிஞ்சுது. நடை அவங்களுது. அடுப்படியும் அவங்களுது. இத்தனை நாளா நான் பேங்க்காரங்க அடுப்படியிலதான் சமைச்சுக்கிட்டு இருக்கேன்!"

அதோ, பின்வரிசையில் ஒரு தம்பி கை தூக்குகிறார். என்ன தம்பி? "அதுக்கு வாடகைக்கே இருந்திருக்கலாமே" என்கிறீரா? நல்ல கேள்வி! அவரவர் கணக்கைப் போட்டுப் பார்த்து, வாடகைதான் தோது என்றால் தாராளமாக இருங்கள். நான் வீட்டையும் வையவில்லை, வங்கியையும் வையவில்லை. கணக்குப் போடாமல் கட்டம் போட்டேனே, அந்த என்னைத்தான் வைகிறேன்!

சரி, பிறகு என்ன செய்தோம்? வண்டி வாங்கவென்று ஒரு லட்சம் சேர்த்து வைத்திருந்தேன். அதை அப்படியே அசலில் கட்ட இருவருமாகப் போனோம். அதே கண்ணாடி அம்மா. விண்ணப்பத்தை நிரப்பிக்கொண்டே, "தவணையக் குறைச்சிடலாம் சார், மாசம் ஆயிரத்து இருநூறு மிச்சம்" என்றார். நான் பூம்பூம் மாடு போலத் தலையை ஆட்டினேன். மிச்சம் என்றால் யாருக்குக் கசக்கும்?

"இருங்க மேடம்," என்றார் என் வீட்டு அம்மையார். "தவணை அப்படியே இருக்கட்டும். மாசத்தக் குறைக்க முடியுமா?"

"முடியும். பதிமூணு மாசம் குறையும்."

"ரெண்டுல எதுல எங்களுக்கு லாபம்?"

அந்த அம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். "இதை யாரும் கேக்க மாட்டாங்கம்மா" என்று சொல்லிவிட்டுப் போட்டுக் காட்டினார். தவணையைக் குறைத்தால் வட்டியில் மிச்சம் ஐம்பதாயிரம் சொச்சம். மாதத்தைக் குறைத்தால் மிச்சம் ஒரு லட்சத்து முப்பத்து நாலாயிரம்! அதே ஒரு லட்சம்தான் தோழர்களே! அதே வங்கி, அதே மேசை, அதே பேனா! எந்தக் கட்டத்தில் டிக் அடிக்கிறோம் என்பதில் எண்பதாயிரம் வித்தியாசம்! இருநூற்று நாற்பது கட்டத்தை நான் பத்து வருடம் அடித்தேன். அவர் ஒரே கட்டத்தில் அடித்தார், பதிமூன்று மாதம் பறந்து போனது!

வீடு திரும்பினோம். நான் அடித்த நீலத்தின் மேல் நானே வெள்ளை அடித்தேன். கூடத்துக்கு அப்பால் அத்தனையும் வெள்ளை. மச்சான் வந்து பார்த்துவிட்டு, "மாமா, அக்கா உங்களை நல்லா வெளுத்துட்டாங்க போல" என்றார். அன்றைக்கு அந்த ஒரு லட்சத்துக்கு நூறு அடி நீலம் அடித்தேன். பிறகு பதினெட்டாயிரத்தை இருபத்தைந்தாயிரம் ஆக்கினோம். எப்படி என்று கேட்கிறீர்களா? சும்மா வரவில்லை. ஞாயிற்றுக்கிழமையும் கேட், ஜன்னல் கம்பி என்று கை தூக்காத வேலையாகத் தேடிப் போனேன். இவர் வாரம் மூன்று நாள் கூடுதல் நேரம் பார்த்தார். அவர் கால் வீங்கியதை நான் பார்த்தேன், என் தோள் வலித்ததை அவர் பார்த்தார். ஒரு மாதம் இருவரும் சண்டை போட்டுக்கொண்டு நான்கு நாள் பேசவேயில்லை. ஆனாலும் மாதம் பிறந்தால் ஸ்டேட்மென்டைப் பிரிப்பார், அசல் வரியில் விரல் வைப்பார்.

"பதினஞ்சு அடி. அடிங்க!"

முதல் தவணையில் எனக்குக் கிடைத்தது மூன்றே அடி, ஒரு தலையணை உறை அளவு. இப்போது மாதம் பதினைந்து! பிறகு பதினேழு! இருபது! கடைசியில் இருபத்து நான்கு! அசல் குறையக் குறைய வட்டி வாய் சிறுத்தது, என் பிரஷ் வாய் விரிந்தது. நடை நீலமானது. அடுப்படி நீலமான அன்று இவர் இரண்டு கையையும் இடுப்பில் வைத்துக்கொண்டு, "இன்னிக்குத்தான் சொந்த அடுப்படியில டீ போடுறேன்" என்றார். இவர் கையால் இத்தனை வருடம் குடித்த டீயில் அதுதான் தோழர்களே டீ!

இன்னும் நூற்றிருபது மாதம் என்றிருந்த கடனை அறுபத்தெட்டே மாதத்தில் அடைத்தோம்! நான்கு வருடம் நான்கு மாதம் மிச்சம்! மூன்று லட்சத்து எழுபதாயிரம் மிச்சம்! போன வாரம் கடைசித் தவணை கட்டினோம். பத்திரத்தைக் கையில் கொடுத்தார்கள். இதோ, பையில் கொண்டு வந்திருக்கிறேன், பாருங்கள்! தட்டுங்கள் கையை! இன்னும் நன்றாகத் தட்டுங்கள்!

ஒன்று சொல்லி முடிக்கிறேன். கடைசியாகப் பன்னிரண்டு அடி வெள்ளை மிச்சமிருந்தது. வாசற்கதவுக்கு மேலே, கூரையை ஒட்டி. ஏணி போட்டேன், ஏறினேன், பிரஷைத் தூக்கினேன். கை காதுவரைகூட வரவில்லை. டாக்டர் சொன்ன ஆறு வருடத்தில் அது நாலு மாதம் முந்திக்கொண்டது. இடது கைக்கு மாற்றிப் பார்த்தேன், ஏணி ஆடியது.

"எறங்குங்க," என்றார் இவர். "பிரஷக் குடுங்க."

அவர் ஏறினார். நான் ஏணியைப் பிடித்துக்கொண்டேன். வாழ்க்கையில் பிரஷ் பிடிக்காத கை! ஓரம் கோணல். மூன்று இடத்தில் வழிந்து காய்ந்திருக்கிறது. ஒரு இடத்தில் பிரஷ் மயிரே ஒட்டிக்கொண்டு நிற்கிறது. முப்பது வருடத் தொழிலில் இத்தனை மோசமான வேலையை நான் பார்த்ததில்லை! நேற்று மச்சான் வந்து, "மாமா, மேல ஒரு கோட் அடிச்சு சரி பண்ணிடலாமா?" என்று கேட்டார். "தொட்ட, கைய ஒடிச்சிடுவேன்!" என்றேன். இனி என்னால் கூரை அடிக்க முடியாது. ஆனால் அந்தக் கூரைக்குக் கீழே இருந்து என்னை எழுந்து போகச் சொல்ல யாராலும் முடியாது!

ஆகவே என் அருமைத் தோழர்களே, அன்புத் தாய்மார்களே! நாளைக் காலை வேலைக்குப் போகும் வழியில் வங்கிப் படி ஏறுங்கள். கூச்சப்படாதீர்கள், பெயிண்ட் ஒட்டிய சட்டையோடே ஏறுங்கள். "நான் மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? இதுவரை அசலில் எவ்வளவு கழிந்தது?" என்று கேளுங்கள். கையில் சிறிது சேர்ந்தால் அசலில் போட்டு, மாதத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். வீட்டுக்கு வந்து சுவரில் கோடு போடுங்கள். உங்கள் கோடு எங்கே நிற்கிறது என்று இன்றைக்கு எத்தனை பேருக்குத் தெரியும்? கை தூக்குங்கள் பார்ப்போம்!

ஒரே ஒரு கை. அதுவும் என் வீட்டு அம்மையாருடையது. இல்லை, அவர் கடிகாரத்தைக் காட்டுகிறார்! நேரம் தந்த தலைவருக்கு நன்றி, சிரித்துக் கேட்ட உங்களுக்கு நன்றி, அன்றைக்குச் சாக்பீஸ் எடுத்த அந்தக் கைக்கு என் ஆயுளுக்கும் நன்றி! கோடு போட ஆள் வேண்டுமென்றால் கூப்பிடுங்கள், டேப்போடு அவர் வருவார், ஏணியைப் பிடிக்க நான் வருவேன்! வணக்கம்!