மீதி இடம் எவ்வளவு?

ஐயோ, அந்த பெஞ்சு வேணாம் சார், கால் ஆடும். பசங்க குதிச்சு குதிச்சு ஒரு வழி பண்ணி வெச்சிருக்காங்க. இப்படி இந்த நாற்காலில உக்காருங்க. பத்தே நிமிஷம்தான். கடைய மூடிட்டு வர முடியாதுன்னு போன்லயே நாலு தடவ சொன்னீங்க, தெரியும். கடையும் வீட்டு வாசல்லயேன்னா எங்கதான் நகர முடியும்? ஆனா பொண்ணோட கணக்கு நோட்டப் பத்தி நான் வேற யார்கிட்ட பேசறது? அவங்க அம்மாதான் மூணு மாசமா ஊர்ல இல்லைங்கிறீங்களே.

பொண்ணா? எச்.எம். ரூம்ல இருக்கா, பிஸ்கட் சாப்பிட்டுக்கிட்டு. பேசி முடிப்போம், அப்புறம் பாக்கலாம்.

அது வந்து, அஞ்சாங்கிளாசுக்கு இப்போ செவ்வகத்தோட பரப்பளவு நடக்குது. நீளத்தையும் அகலத்தையும் பெருக்கு, தீந்துச்சு. நாள் பூரா கண்ணாடி அறுக்கிறவர், உங்களுக்கு நான் சொல்லணுமா? ஆனா இதையே நாலு வரி கதையா எழுதிக் குடுத்தா பசங்க திருதிருன்னு முழிக்கும். அதனால கணக்கை நீங்களே எழுதிட்டு வாங்கன்னு விட்டுடுவேன். வீட்டுல எதையாவது அளந்து, அதுல ஒரு கணக்கு. ஒரே கண்டிஷன், அளவை இட்டுக்கட்டக்கூடாது. எப்படி அளந்தேன்னு கேப்பேன், சொல்லியாகணும். போன வருஷம் ஒரு வாலு, எங்க ஹால் ஆயிரம் அடி நீளம்னு எழுதிட்டு வந்து நிக்கிறான். ஏண்டா, உங்க வீட்டுக்குள்ள ரயிலா ஓடுதுன்னேன்.

சிரிப்பு வரலையா? சரி விடுங்க.

இதான் உங்க பொண்ணு நோட்டு. எழுத்தப் பாருங்க, முத்து முத்தா இருக்கும். மொதக் கணக்கு சமையலறை. பத்தடிக்கு எட்டடி. மேடை எட்டுக்கு ரெண்டு. மீதி இடம் எவ்வளவு? எண்பதுல பதினாறு போனா அறுபத்தி நாலு. சரி. ரெண்டாவது ஹால். பதினஞ்சுக்குப் பன்னெண்டு, நூத்தி எண்பது. சோபாவுக்குப் பதினெட்டு போனா நூத்தி அறுபத்திரெண்டு. அதுவும் சரி. ஸ்டார் போட்டு, வெரிகுட்னு எழுதினேன்.

சார், அந்தச் சாவிக்கொத்தக் கொஞ்சம் மேசை மேல வைங்களேன். உருட்டிக்கிட்டே இருக்கீங்க, எனக்குப் பேச்சு தடுமாறுது.

மூணாவது. படிக்கட்டுக்குக் கீழே ஓர் அறை. நீளம் ஏழடி, அகலம் நாலடி. பாய் ஆறுக்கு மூணு. வாளி ஒண்ணுக்கு ஒண்ணு. மீதி இடம் எவ்வளவு? இருபத்தெட்டுல பதினெட்டு போச்சு, வாளிக்கு ஒண்ணு போச்சு, ஒம்பது. ஒம்பதுன்னு சரியாத்தான் எழுதியிருக்கா. சதுர அடின்னு போடல. அர மார்க் குறைச்சேன்.

ஆமாமா, ஸ்டோர் ரூம். நானும் அப்படித்தான் நெனச்சேன்.

கீழ இன்னொரு வரி இருக்கு பாருங்க. அந்த இடத்தில் ஒருவர் ஒரு நாளைக்கு எத்தனை தடவை நடக்கலாம்? இதென்னடி கேள்வி, பரப்பளவுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்னு சிவப்பு மையில குறுக்க ஒரே அடி. அது செவ்வாக்கிழமை. அப்புறம் ரெண்டு நாள் நான் பாட்டுக்குச் சாப்பிட்டேன், தூங்கினேன், டிவி பாத்தேன். இருபத்திரெண்டு வருஷ சர்வீஸ் சார் எனக்கு. சதுர அடி விட்டுப்போனது கண்ணுல பட்டுச்சு, வாளி படல. நெனச்சா என்னையே அறையணும்போல இருக்கு.

இன்னைக்குக் காலைல மேசை பக்கத்துல வந்து நிக்கிறா. மிஸ், நீங்க அடிச்சிட்டீங்க, ஆனா அதுக்கு விடை இருக்குங்கிறா. என்னடி விடைன்னேன். நூத்தி நாப்பது தடவைன்னா. நேத்து மட்டும் நூத்திப் பத்துதான் மிஸ், கால் வீங்கிடுச்சுன்னா.

யாருக்குன்னு கேக்கல. எப்பவும் கேக்கிறதத்தான் கேட்டேன். எப்படி அளந்தே?

உக்காருங்க சார். நான் இன்னும் முடிக்கல.

கதவு பூட்டியிருக்கும் மிஸ், உள்ள போக முடியாது, நான் தரையில படுத்துக்கிட்டு கதவு இடுக்குல கேப்பேன்னா. கீழ அடிக்கு அடி டைல்ஸாம். அம்மா உள்ளேருந்து எண்ணிச் சொன்னாங்களாம், நீளத்துல ஏழு, அகலத்துல நாலு. கடையில கண்ணாடி தேய்க்கிற மெஷின் ஓடும்போது மட்டும்தான் பேசுவாங்களாம். அந்தப் புள்ள மூஞ்சில அழுகை கூட இல்ல சார். அர மார்க் திரும்பக் கெடைக்குமாங்கிற கவலதான். வெளிய சொன்னா அவ்வளவுதான்னு மிரட்டி வெச்சீங்களாமே. அவ யார்கிட்டயும் சொல்லல. கணக்குதான் போட்டா.

கத்தாதீங்க. பள்ளிக்கூடம் விட்டாச்சு, பசங்க யாரும் இல்ல. எனக்கும் பயம்தான். மத்தியானமே எச்.எம்.மும் நானும் போலீஸ்ல சொல்லிட்டோம். ஆனா நீங்க வாசல்லயே இருக்கும்போது ஆளுங்க வந்து நின்னா, உள்ள போய் அந்தம்மாவ என்ன பண்ணுவீங்களோ. உங்கள அந்த வீட்ட விட்டு வெளிய இழுக்கணும், அதுக்குத்தான் இந்த நோட்டு, மார்க்கு, இவ்வளவு பேச்சும்.

இப்ப என் போன்ல சத்தம் வந்துச்சே, அது எச்.எம். அனுப்பினது. பூட்ட உடைச்சுட்டாங்களாம். உசுரோட இருக்காங்க. நடக்க முடியாம தூக்கிட்டு வர்றாங்களாம். அப்பாடா.

கதவ இழுக்காதீங்க சார், வராது. வாட்ச்மேன வெளிய தாழ் போடச் சொன்னதே நான்தான். போலீஸ் வந்துதான் தொறப்பாங்க, அதுவரைக்கும் நீங்களும் நானும் இங்கதான். இந்த கிளாஸ் ரூம் இருபத்தஞ்சுக்கு இருபது, ஐந்நூறு சதுர அடி. பெஞ்சு, மேசைக்கெல்லாம் எரநூறு போனாலும் முன்னூறு மிஞ்சும்.

நடங்க. நான் எண்ணிக்கிறேன்.