பக்கம் எழுதாத காயம்

கிட்ட வந்து உட்காருங்கள் கண்ணுங்களா. கரண்ட் வருகிற வரைக்கும் ஒரு கதை சொல்கிறேன். தோளோடு தோள் ஒட்டி உட்காருங்கள், நடுவில் இடம் விடாதீர்கள்.

ராத்திரி நடந்ததில்லை இது. நல்ல உச்சி வெயில், மணி பன்னிரண்டரை. ஒரகடம் தாண்டி வாலாஜாபாத் போகிற வழியில், கம்பெனி மதில் முடிகிற இடத்தில் ஏரிக்கரைச் சாலை ஒன்று பிரியும். நிழலுக்கு ஒரு மரம் கிடையாது. ஷிப்ட் பஸ் போய்விட்டால் காக்காய் கூட இருக்காது... அந்த வழியில்தான் ரஞ்சனி ஸ்கூட்டரில் சாப்பாட்டுக்கு வந்துகொண்டிருந்தாள். என் சிநேகிதி அம்சவல்லியின் தங்கை மகள். பெரியம்மா வீட்டில் தங்கி வேலைக்குப் போகிறவள்.

அவள் வேலை மெடிக்கல் கோடிங். அமெரிக்க ஆஸ்பத்திரி டாக்டர்கள் எழுதிய குறிப்பைப் படித்து, இன்ஷூரன்ஸுக்காக ஒவ்வொரு காயத்துக்கும் அதற்குரிய கோடு நம்பர் போட வேண்டும். கழுத்தடியிலிருந்து தோள் வரைக்கும் போகிற காறை எலும்புக்குக் கீழே ஒரு பெரிய ரத்தக்குழாய் ஓடுகிறதே, அது கிழிந்தால் இடதுக்கு ஒரு கோடு, வலதுக்கு ஒரு கோடு. டாக்டர் பக்கம் எழுதவில்லையா, அதற்கும் தனியாக ஒன்று உண்டு. நாமாக யூகிக்கக் கூடாது. அங்கே அது கண்டிப்பு.

இடதா வலதா என்று குழம்பினால் அந்தப் பெண்கள் தங்கள் மேலேயே கை வைத்துப் பார்ப்பார்கள். வீட்டில் பேசும்போதும் ரஞ்சனிக்கு அந்தப் பழக்கம். அம்சவல்லி விடமாட்டாள். அடுத்தவர் காயத்தைத் தன் மேல் தொட்டுக் காட்டினால் உடனே அந்த இடத்தை ஊதி விட வேண்டும் என்பாள். இவளும் சிரித்துக்கொண்டே ஊதுவாள்.

அன்று வந்த ஃபைல் ஒரு தொழிற்சாலை ஆளுடையது. இரும்புக் கம்பி குத்தி, அந்தக் குழாய் கிழிந்து, ஆபரேஷன் டேபிளிலேயே உயிர் போய்விட்டது. எந்தப் பக்கம் என்று எழுதியிருக்கவில்லை. பசி வேளை... கம்பி இப்படித்தான் வந்திருக்கும் என்று இடது காறை எலும்புக்குக் கீழே விரலை வைத்து அழுத்திப் பார்த்தாள். இடது என்று போட்டாள். கிளம்பிவிட்டாள்.

ஏரிக்கரை பாதி தாண்டியிருப்பாள்... மெஷின் ஆயில் வாடை. ஈர இரும்பு வாடை. ஸ்கூட்டர் இடப்பக்கம் இழுத்தது. திருப்பினாள். மறுபடி இழுத்தது, தண்ணீரைப் பார்த்து. கொதிக்கிற வெயிலில் இடது கை மட்டும் சில்லென்று... யாரோ பிடித்துக்கொண்டு கூடவே வருவது போல. இறங்கித் தள்ளிக்கொண்டே வீடு வந்து சேர்ந்தாள்.

வருவதற்குள் கை வீங்கி நீலம் பாரித்துவிட்டது. வளையலை வெட்டித்தான் எடுத்தார்கள்.

"இன்னாடி பண்ண? எவன் காயத்தையாவது உன் மேல வெச்சிப் பாத்தியா?"

"ஆமா பெரிம்மா... ஊதல."

தண்டலம் பக்கம் ஆஸ்பத்திரிக்கு ஓடினார்கள். காறை எலும்புக்குக் கீழே குழாய் அடைத்திருக்கலாம், உறைந்த ரத்தம் நுரையீரலுக்குப் போனால் உயிருக்கே ஆபத்து, உடனே ஸ்கேன் எடுங்கள் என்றார் டாக்டர். காத்திருக்கையில் ரஞ்சனி ஒற்றைக் கையால் போன் போட்டு, டீம் லீடர் வெங்கடேசனிடம் தான் இடது என்று கோடு போட்டதைச் சொன்னாள்.

"டாக்டரே எழுதாத பக்கத்த நீ எப்டிம்மா எழுதுவ? சரி வுடு, நான் மாத்திடறேன்."

பக்கம் குறிப்பிடப்படவில்லை என்று மாற்றினார். அம்சவல்லி பார்த்துக்கொண்டிருக்கும்போதே வீக்கம் வடிந்தது... நீலம் மறைந்தது. பெரியம்மா சந்தோஷத்தில் அழுதே விட்டாள். இனி செத்துப்போன அந்த ஆளுக்கு இடதும் இல்லை, வலதும் இல்லை, எந்தப் பக்கமும் வரலாம் என்பதை அப்போது யாரும் யோசிக்கவில்லை.

டாக்டர் சீட்டு எழுதியாயிற்று, எதற்கும் எடுத்துவிடலாம் என்று ஸ்கேனுக்கு உள்ளே அனுப்பினார்கள். ஐஸ் மாதிரி அறை. படுக்க வைத்துவிட்டு எல்லாரும் வெளியே போய்க் கதவைச் சாத்தினார்கள். ஸ்பீக்கரில் குரல் வந்தது.

"மூச்ச இழுத்து அடக்குங்கம்மா."

அடக்கினாள். மெஷின் ஒரு சுற்று சுற்றி நின்றது.

"இப்ப விடலாம்."

அவள் இன்னும் விடவில்லை கண்ணுங்களா... வலது காதோரம் ஒரு மூச்சு வெளியே வந்தது. சில்லென்று. நீளமாக... வெகு காலம் அடக்கி வைத்திருந்தவன் விடுவது போல.

போங்கள், போய்ப் படுங்கள். உங்கள் வீட்டில் இன்றைக்குப் படுக்கிறவர்கள் எல்லாரும், ஒருவர் குறையாமல்... ஒருவர் கூடாமல்... காலையில் சுகமாக எழுந்திருக்க வேண்டும்.