விடுபட்ட மாடி

எதை முதலில் செய்தேன் என்பது எனக்குச் சரியாக நினைவில்லை. மகளை வெளியே அனுப்பிவிட்டுப் பச்சைத் துணியை அசைத்தேனா, அசைத்துவிட்டு அனுப்பினேனா? நீங்கள் திரும்பத் திரும்ப அதையே கேட்கிறீர்கள். எனக்கு வயதாகிறது. காலையில் மாத்திரை போட்டேனா என்பதே சில நாள் குழப்பமாகிவிடுகிறது. மற்றதெல்லாம் நினைவிருக்கிறது, சொல்கிறேன்.

நீங்கள் வெளியூர்க்காரர். எங்கள் வழக்கம் உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. எங்கள் ஊரில் ஒவ்வொரு கட்டடமும் ஆண்டுக்கு ஒரு மாடி உயர வேண்டும். ஏற்றநாளன்று உச்சியில் புதுத் தளம் போடுவோம். அது காய்ந்ததும் குடும்பங்களெல்லாம் தட்டுமுட்டுச் சாமான்களைத் தூக்கிக்கொண்டு ஒரு மாடி மேலே குடிபோகும். கீழே காலியாவதைப் பூட்டிவிடுவோம். லிஃப்ட் மட்டும் எப்போதும் போன வருடத்து மாடியோடு நின்றுவிடும், அதை ஒரு குறையாக யாரும் எடுத்துக்கொள்வதில்லை. வளராத எதையும் உயிருள்ளது என்று நாங்கள் சொல்வதில்லை. பூட்டிய தளங்களைப் பற்றிப் பேசுவது எங்களிடம் அநாகரிகம், சாப்பிடும்போது சாக்கடையைப் பற்றிப் பேசுவதுபோல. அவற்றின் சாவியைக்கூட யாரும் வைத்துக்கொள்வதில்லை.

எங்கள் தெருவுக்கு ஏற்றப் பொறுப்பாளர் நான். நான் பச்சைத் துணியை அசைத்தால்தான் கான்கிரீட் பம்ப் ஓடும்.

என் தங்கையின் கணவன் வெல்டர். கைத்தொழிலில் கெட்டிக்காரன், அதை நான் மறைக்கவில்லை. குழாய் ஒழுகுகிறதென்று அவர்கள் கட்டடத்துத் தரைத்தளப் பூட்டை அறுத்து உள்ளே போனவன், தூண்களில் விரிசலைப் பார்த்திருக்கிறான். பார்த்தவன் பேசாமல் மேலே வந்திருக்கலாம். விரிசலின் குறுக்கே ஒரு கண்ணாடித் துண்டைச் சிமென்ட் வைத்து ஒட்டினான். தூண் அசைந்தால் கண்ணாடி உடையுமாம். உடைந்தது. அன்றிலிருந்து அவன் வாயில் ஒரே சொல்தான்: போதும்.

அவனோடு சிலர் சேர்ந்துகொண்டார்கள். ஊர் அவர்களைப் போதும்காரர்கள் என்றது. அவர்களை நான் வெறுத்ததாக எழுதிக்கொள்ளாதீர்கள். உட்கார்ந்த இடத்தைவிட்டு எழ மனமில்லாதவர்கள் தங்கள் சோம்பலுக்கு ஒரு தத்துவத்தைத் தேடிக்கொண்டார்கள், அவ்வளவுதான். போன ஏற்றநாளில் பம்புக்கு முன்னால் படுத்துத் தடுத்தார்கள். தெரு முழுக்க உயர்ந்தது, அந்த ஒரு கட்டடம் மட்டும் பல் விழுந்த வாய்போல நின்றது. தினமும் அதைத் தாண்டித்தான் நான் வேலைக்குப் போனேன்.

சமாதானம் பேசலாமென்று தங்கையையும் அவனையும் சாப்பிடக் கூப்பிட்டேன். என் மனைவிக்கு முழங்கால் சரியில்லை, அதனால் விருந்தென்றால் சொந்தக்காரர்கள் எங்கள் வீட்டுக்கே ஏறி வருவார்கள். நான் பொறுமையாக விளக்கினேன். நின்றால் செத்ததற்குச் சமம் என்றேன்.

அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டான். "மச்சான், உங்க தலையில முடி வளர்றது நின்னு ரொம்ப நாளாச்சே. நீங்க செத்தா போயிட்டீங்க?"

"சும்மா இருங்க," என்று தங்கை அவன் தொடையில் தட்டினாள். தட்டும்போதே சிரித்துவிட்டாள். மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். என் மகள், கல்லூரி முடித்த பெண், புரையேறும்வரை சிரித்தாள்.

அதில் எனக்கு வருத்தமில்லை. சிரிப்பு வந்தால் சிரிக்கத்தானே வேண்டும். அடுத்த வாரம் அவள் பெட்டியைக் கட்டிக்கொண்டு அத்தை வீட்டுக்குப் போனதிலும் வருத்தமில்லை. இதை நான் சொல்வது நீங்கள் கேட்டதால்தான்.

இந்த ஆண்டு ஏற்றநாளுக்கு ஒரு முடிவெடுத்தேன். விடுபட்ட மாடியையும் சேர்த்து, அந்தக் கட்டடத்துக்கு இரண்டு மாடி. செங்கல், கம்பி எல்லாவற்றையும் முதல்நாளே மொட்டைமாடியில் ஏற்றி அடுக்கச் சொன்னேன்.

காலையில் தரைத்தளத்துக்குப் போனேன். போதும்காரர்கள் தூண்களைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். தாங்கள் கீழே இருந்தால் நான் மேலே ஊற்றமாட்டேன் என்பது அவர்கள் கணக்கு. தளம் போடுவதைப் பார்க்க வழக்கமாக வீட்டுக்கொருவர்தான் உச்சியில் நிற்பார்; இந்த முறை மற்ற குடும்பத்தார் குழந்தைகளோடு மேலே போயிருந்தார்கள். இரண்டு மாடி என்றதும் அத்தனை உற்சாகம்.

"செங்கல் ஏத்தினப்புறம் ஒட்டினது மச்சான், பாருங்க," என்றான் தங்கை கணவன். கண்ணாடி குறுக்கே பிளந்திருந்தது.

"கண்ணாடின்னா உடையத்தான் செய்யும்."

"மேல பச்சப்புள்ளைங்க எல்லாம் நிக்குதுண்ணா," என்றாள் தங்கை. "ஒரு வருஷம் விட்டா என்ன, குடியா முழுகிடும்?"

"போன வருஷமும் இதையேதான் சொன்ன."

மகள் ஒரு தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்க்கவில்லை. அருகில் போய், "அம்மா தெருமுனையில நிக்கிறா. உன்னப் பாக்கணுமாம்," என்றேன்.

"அம்மாவா? எதுக்கு?"

"எனக்கென்ன தெரியும். போய்க் கேளு."

அவள் எழுந்தாள். "இப்ப வந்துடறேன் அத்தை."

"செருப்பப் போட்டுக்கிட்டுப் போடி. வெளிய சல்லி கொட்டிக் கிடக்கு," என்றாள் தங்கை.

பிறகு நான் பம்புக்குப் போனேன். சொல்லிக்கொண்டு வரும்போது இப்போதுதான் கவனிக்கிறேன், அப்படியானால் மகளை அனுப்பியது முன்னால்தான். இருக்கட்டும். அம்மா மகளைப் பார்க்க நினைப்பதில் என்ன தவறு?

பம்ப் ஓட்டுநர், "ஐயா, கீழ ஆளுங்க உக்காந்திருக்காங்களே. ஓட்டவா?" என்றார். துணியை அசைத்தேன். குழாய் ஒருமுறை உதறிக்கொண்டு நிமிர்ந்தது. கொஞ்ச நேரம் எல்லாம் ஒழுங்காக நடந்தது. மேலேயிருந்து கைதட்டல்கூடக் கேட்டது. பிறகு கட்டடம், களைத்துப்போன ஒருவர் நாற்காலியில் உட்காருவதுபோல, உட்கார்ந்தது.

விழும் என்று தெரியுமா என்பதுதானே உங்கள் கேள்வி. தெரியாது. வளர்கிற ஒன்று விழும் என்று எங்களுக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

தங்கையும் அவள் கணவனும் தூணருகிலேயே கிடைத்தார்கள். போதும்காரர்களில் யாரும் மிஞ்சவில்லை. உச்சியில் நின்றவர்களில் சிலர் பிழைத்தார்கள், குழந்தைகள் மிகக் குறைவு. பம்ப் ஓட்டுநர் வேலையை விட்டுவிட்டார். அந்த இடத்தில் புதுக் கட்டடம் எழும்புகிறதாம், நல்ல வேகமாம். தெருவின் வரிசை சரியாகிவிடும். மகள் வேறு ஊரில், மாடியே இல்லாத ஒரு வீட்டில் இருக்கிறாள். ஒரே ஒருமுறை என்னைப் பார்க்க வந்தாள். கம்பிக்கு அந்தப் பக்கம் நின்று, "தெருமுனையில நின்னு தேடிக்கிட்டே இருந்தேம்ப்பா," என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனாள்.

என் மனைவி வீட்டில்தான் இருக்கிறாள். அதே முழங்கால் வலி. அவள் படியிறங்கித் தெருவுக்கு வந்து வருடக்கணக்காகிறது.