நீல மூடியில் வந்த விஷம்

ஒரு நாடு தன் மண்ணில் தெளிக்கக் கூடாது என்று தடை செய்த பூச்சிமருந்தை, அதே நாட்டின் தொழிற்சாலை தயாரித்து, கேனில் அடைத்து, கப்பலேற்றி நமக்கு அனுப்பியது. அது, தோட்டத்தில் மருந்து அளந்து ஊற்றிய நம் அளவுக்கார அக்காவைக் கொன்றது. முதலில் இதைச் சொல்லிவிட்டேன். இனி வணக்கம் சொல்கிறேன்.

மேடையில் இருக்கும் சங்கத் தலைவர் அவர்களே, மருத்துவர் அம்மா அவர்களே, இறக்குமதிக்குக் கையெழுத்திட்ட வேளாண் அலுவலர் அவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் அக்காவின் கணவரே, மகளே, பழத்தோட்டத் தொழிலாளத் தோழர்களே, உள்ளே வர மனமில்லாமல் கதவோரம் நிற்கும் கம்பெனி மேலாளர் அவர்களே, எல்லோருக்கும் என் வணக்கம். மேலாளர் உட்காரலாம். நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது.

எனக்குப் பத்து நிமிடம் கொடுத்திருக்கிறார்கள். அக்கா இருந்திருந்தால் அதற்கும் சிரித்திருப்பார். "அண்ணே, நீங்க பேசி முடிக்கிறதுக்குள்ள காய் பழுத்து, பழம் அழுகி, அடுத்த பூவே வந்துடும்" என்பார். உங்களுக்கெல்லாம் அக்கா. வயதில் எனக்குத் தங்கை.

பத்தொன்பது வருடம் அந்தத் தகரக் கொட்டகையில் நின்றார். காலையில் தெளிப்பவர்கள் முதுகில் டேங்க் மாட்டிக்கொண்டு வரிசையில் நிற்பார்கள். அக்கா குவளையைத் தூக்கிக் காட்டி, "நீலம் ரெண்டு, சிவப்பு அரை!" என்று கத்துவார். வரிசை முழுவதும் திருப்பிக் கத்தும். அதன் பிறகுதான் கேனைத் திறப்பார். வேறு யாரும் அந்தக் குவளையைத் தொடக் கூடாது. புதிதாக வந்த லாரி ஓட்டுநர் ஒருவர் உதவி செய்யப் போனபோது, "கீழ வைங்க. உங்க கல்யாணத்துக்கு வந்து சாப்பிடணும்னு இருக்கேன், வேற எதுக்கும் என்னை வர வச்சிடாதீங்க" என்றார். விஷத்தோடு இருந்தவர் பேச்சில் ஒரு நாளாவது விஷம் இருந்ததுண்டா?

நீலம், சிவப்பு என்றால் என்ன? கேனின் மூடி. லேபிளில் எறும்பு எறும்பாய் எழுதியிருப்பது நமக்குத் தெரியாத மொழி. அதனால் மூடியின் நிறத்தைப் பார்த்து அளந்தோம். நீல மூடி என்றால் லேசான மருந்து, ஒரு டேங்க்குக்கு இரண்டு குவளை. சிவப்பு மூடி என்றால் கடுமையானது, அரைக் குவளை. இந்தக் கேன்கள் வரத் தொடங்கிய நாளிலிருந்து பன்னிரண்டு வருடம் அது பிசகவில்லை.

அந்த விதியைப் போட்டவன், அப்போது தோட்ட மேஸ்திரியாக இருந்த நான்.

இதை மறைத்துவிட்டு இங்கே பேச என்னால் முடியாது. அகராதியை எடுத்துவைத்து அன்றே அந்த லேபிளை எழுத்தெழுத்தாய்ப் படித்திருக்க வேண்டும். நிறம் போதும் என்று நினைத்தேன். அங்கே தொழிற்சாலையில் எவனோ மூடியை மாற்றினான். சிவப்பு தீர்ந்துபோனதா, நீலம் மலிவா, தெரியாது. கடுமையான மருந்து நீல மூடியில் வந்தது. அக்கா இரண்டு குவளை ஊற்றினார். ஆய்வாளர் வரும் நாளில் மட்டும் கிடைக்கும் கையுறை அன்று இல்லை. கை நனைந்தது.

கொஞ்ச நேரத்தில் கண் இருட்டியது. இது லேசான மருந்தல்ல என்று அக்காவுக்குப் புரிந்துவிட்டது. படுத்திருக்கலாம் அல்லவா? படுத்தாரா? ஏழு பேர் ஏற்கெனவே டேங்கோடு வரிசைகளுக்குள் போயிருந்தார்கள். "இறக்குங்க! முதுகுலேருந்து இறக்குங்க!" என்று கத்திக்கொண்டே ஓடினார். தன் கையாலேயே ஒவ்வொரு டேங்க்கையும் கழற்றினார். அந்த ஏழு பேரும் இதோ இரண்டாவது வரிசையில் உயிரோடு உட்கார்ந்திருக்கிறார்கள்! கடைசி டேங்க் அக்காவின் தோளில் வழிந்தது.

மருத்துவமனையில் மருத்துவர் அம்மா கேட்டது ஒரே கேள்வி. "என்ன மருந்து? பேரைச் சொல்லுங்க, மாற்று மருந்து கொடுக்கணும்." யாருக்குத் தெரியும்? கேனில் ஒரு தொலைபேசி எண் இருந்தது. அழைத்தோம். நமக்குச் சனிக்கிழமை காலை பத்து மணி. அங்கே சனி, ஞாயிறு அலுவலகம் திறப்பதில்லை. பதிவு செய்த குரல் ஒன்று இனிமையாக ஏதோ சொன்னது. இருபத்தெட்டு முறை அழைத்தோம். இருபத்தெட்டு முறையும் அதே இனிமை. மூன்றாம் நாள் அக்கா போய்விட்டார்.

"பெரியவரே, அங்க தடைன்னா அங்கயே எப்படித் தயாரிக்கிறாங்க?" என்று பலர் கேட்டீர்கள். நான் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவன். இந்தப் பதினாறு நாளும் அகராதியோடு உட்கார்ந்து அந்த லேபிளையும் அந்தச் சட்டத்தையும் படித்தேன். சட்டம் சொல்வது எளிது. எங்கள் மண்ணில் தெளிக்காதே. அவ்வளவுதான். தயாரிக்காதே என்று இல்லை. விற்காதே என்று இல்லை. அவர்கள் குழந்தைக்கு ஆகாதது நம் குழந்தைக்கு ஆகும்! இதில் இன்னொன்றும் இருக்கிறது. நாம் பறிக்கும் பழம் அந்த ஊர் மேசைக்குத்தான் போகிறது. தோலில் அந்த விஷம் துளி இருந்தாலும் சரக்கு முழுவதையும் திருப்பி அனுப்புவார்கள். அக்காவின் தோளில் ஒரு டேங்க் வழிந்ததே, எந்தக் கப்பல் திரும்பியது?

கம்பெனி அறிக்கை வந்திருக்கிறது. 'தொழிலாளியின் கவனக்குறைவு.' மேலாளர் அறைக்குப் போனேன்.

"லேபிள்ல எல்லாம் எழுதியிருக்கே பெரியவரே. படிச்சிருக்கணும்" என்றார்.

"நீங்க படிங்க சார்."

கண்ணாடியைப் போட்டார், கழற்றினார், கேனைத் திருப்பினார். "இது நமக்குத் தெரியாத மொழியில்ல இருக்கு..."

"நமக்குன்னா யாருக்கு? அக்காவுக்கு மட்டும் தெரியுமா?"

தண்ணீர் குடித்தார். "நான் சம்பளத்துக்கு இருக்கிறவன்" என்றார். அக்காவும் சம்பளத்துக்கு இருந்தவர்தான்!

என் தவறு என் தலையில் இருக்கட்டும், சாகும்வரை சுமப்பேன். அவர்கள் தவறை அக்காவின் தலையில் வைக்க விடமாட்டேன்.

கிடங்கில் இன்னும் முப்பத்தொரு கேன் இருக்கிறது. எல்லாம் நீல மூடி. திங்கட்கிழமை தெளிப்பு தொடங்குகிறது என்று பலகையில் எழுதிப் போட்டிருக்கிறார்கள். ஆகவே அழுகையைப் பிறகு வைத்துக்கொள்வோம். வேலையைச் சொல்கிறேன்.

மருத்துவர் அம்மா, இறப்புக்குக் காரணம் என்ன மருந்து என்று பெயர் சொல்லி எழுதித் தாருங்கள். இப்போது அந்தப் பெயர் நமக்குத் தெரியும். வேளாண் அலுவலரே, நீங்கள் போட்ட கையெழுத்தை நீங்களே ரத்து செய்யுங்கள். மேலாளரே, 'கவனக்குறைவு' என்ற சொல்லை அடித்துவிட்டு, முப்பத்தொரு கேனும் வந்த வழியே திரும்பிப் போகும் என்று தலைமை அலுவலகத்துக்கு எழுதுங்கள். சங்கத் தலைவரே, அங்கே அந்தத் தொழிற்சாலையில் கேனை நிரப்புகிறவர்களும் நம்மைப் போல் தொழிலாளர்கள்தான். அவர்கள் சங்கத்துக்குக் கடிதம் போடுங்கள். மூடி மாறியதால் ஒரு பெண் செத்தாள் என்று அவர்களுக்குத் தெரிய வேண்டும். கிடங்குக்காரரே, சாவியைச் சங்க அலுவலகத்தில் கொடுங்கள். தெளிப்பவர்களே, திங்கட்கிழமை ஒருவரும் டேங்க்கைத் தொடாதீர்கள். அந்த ஏழு பேரும் மாவட்ட அலுவலகத்துக்குப் போய், நடந்ததை நடந்தபடி சொல்லிக் கையெழுத்திடுங்கள். அக்காவின் கணவருக்கும் மகளுக்கும் வேலை எதுவும் இல்லை. அவர்கள் வீட்டில் இருக்கட்டும்.

என் வேலை இரண்டு. நிறம் பார்த்து அளக்கும் விதியை, போட்ட நானே இப்போதே எடுக்கிறேன். நமக்குப் புரியும் மொழியில் எழுதாத கேன் எதையும் இனி நாம் திறக்க மாட்டோம். திங்கட்கிழமை காலை ஆறு மணிக்குக் கிடங்கு வாசலில் உட்காருவேன். வருகிறவர்கள் வாருங்கள். யாரும் வராவிட்டாலும் பரவாயில்லை. அது ஒற்றைக் கதவு. அடைக்க ஒரு கிழவன் போதும்.