சீராய்வா, மேல்முறையீடா

– இன்னும் நாலு நாள்தான் இருக்கு அக்கா. இன்னைக்கு நீங்க முடிவைச் சொன்னாத்தான் நான் மனு எழுத முடியும்.

– மேல்முறையீடே போட்டுடுங்க வக்கீலம்மா.

– போன வாரம் சீராய்வுன்னீங்க...

– போன வாரம் சொன்னேன். இப்ப இல்ல.

– ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்னு புரிஞ்சுதானே சொல்றீங்க?

– தண்ணியில கிருமி இருக்கான்னு கேளுங்க, பார்த்துச் சொல்றேன். இருபத்திரண்டு வருஷமா லேப்ல அதான் வேலை. சட்டத்துக்குத்தான் நீங்க இருக்கீங்களே.

– சீராய்வுன்னா தீர்ப்பு சொன்ன அதே நீதிபதிகிட்ட போறது. 'இந்தக் காகிதம் அப்ப எங்களுக்குக் கிடைக்கல, இப்பதான் கிடைச்சுது'ன்னு காட்டுறது. ரெண்டு மூணு மாசத்துல முடிஞ்சுடும். மேல்முறையீடுன்னா, அவர் சொன்னதே தப்புன்னு மேல் கோர்ட்டுல வாதாடணும். அங்க புதுக் காகிதத்தை லேசுல ஏத்துக்க மாட்டாங்க. நாலு வருஷம் இழுக்கும்.

– இழுக்கட்டும்.

– நீங்க ரிட்டயர் ஆக மூணு வருஷம்தான் இருக்கு.

– பரவாயில்லையே, என் வயசெல்லாம் ஞாபகம் வச்சிருக்கீங்க.

– விளையாடாதீங்க அக்கா. நாப்பத்திமூணு நாள் சொல்லாம கொள்ளாம வரலைன்னு உங்களை வேலையை விட்டு எடுத்தாங்க. லீவு லெட்டரே வரலைன்னு ஆபீஸ்ல சாதிச்சாங்க, நீதிபதியும் நம்பிட்டார். இப்ப அதே லெட்டர், வாங்கின தேதி முத்திரையோட உங்க கையில இருக்கு. அதை வச்சுக்கிட்டு...

– வீட்டுல பழைய ஃபைல்ல கிடந்துச்சுன்னு சொன்னேனே.

– உங்க ஃபைல்ல நகல்தான் இருக்கும். இது ஒரிஜினல். ஓரத்துல ஆபீஸ் கோப்புல கோத்த ஓட்டை அப்படியே இருக்கு. யார் கொடுத்தாங்க?

– யாரும் கொடுக்கல... தபால்ல வந்துச்சு.

– இப்பதானே ஃபைல்லன்னீங்க.

– ... கொஞ்சம் தண்ணி குடிச்சுக்கறேன்.

– மெதுவா குடிங்க.

– அந்த நாப்பத்திமூணு நாளும் எங்க வீட்டுக்காரர் ஆஸ்பத்திரியில கிடந்தாரு. நான் கட்டிலை விட்டு நகரல. எனக்குத் தினம் சாப்பாடு கொண்டு வந்தது ஒருத்திதான்.

– உங்க ஆபீஸா?

– தபால் பிரிவு. லெட்டரையும் அவ கையிலதான் கொடுத்தேன்.

– கோர்ட்டுல வந்து லெட்டரே வரலைன்னு சாட்சி சொன்னாங்களே...

– அவளேதான். மேலதிகாரி மிரட்டியிருக்காரு. ரெண்டு பொண்ணை வச்சுக்கிட்டு ஒத்தையில நிக்கறவ, பயந்துட்டா. போன வெள்ளிக்கிழமை வீட்டுக்கு வந்தா. லெட்டரைக் கையில வச்சா, மிரட்டினதை மட்டும் சொன்னா.

– கோபம் வரலையா உங்களுக்கு?

– வந்துச்சு. கதவைச் சாத்திட்டேன். அப்புறம் ஜன்னல் வழியா பார்த்தா, வெயில்ல அப்படியே நிக்கறா... இந்த வாரம்தான் எனக்கு உறைச்சுது, சீராய்வு போட்டா லெட்டர் எப்படிக் கிடைச்சுதுன்னு கேப்பாங்க. பொய்ச் சாட்சின்னு அவ மாட்டிக்குவா. இந்தக் கஷ்டம் என் வீட்டோட போகட்டும் வக்கீலம்மா. மேல்முறையீடு போடுங்க, லெட்டர் இல்லாம வாதாடுங்க. தோத்தா தோக்கறேன்.

– உங்க வாயால வரட்டும்னுதான் இவ்வளவு நேரம் தெரியாத மாதிரி கேட்டுக்கிட்டிருந்தேன்.

– எது?

– நீங்க வர்றதுக்கு ஒரு மணி நேரம் முன்னாடி அவங்க இங்க வந்தாங்க. நடந்ததை எல்லாம் எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டாங்க.

– ஐயோ... ஜெயில்ல போடுவாங்கன்னு நீங்க சொல்லலையா?

– ஒண்ணுக்கு ரெண்டு தடவை சொன்னேன். 'நான் அவங்களோட வக்கீல், நீங்க வேற ஒரு வக்கீலைப் பார்த்துட்டு வாங்க'ன்னும் சொன்னேன். கேக்கல.

– அப்படி என்ன அவசரம் அவளுக்கு?

– நீங்க இன்னைக்கு மேல்முறையீடுன்னுதான் சொல்வீங்களாம். அதுக்குள்ள வந்துடணும்னு முதல் பஸ்ஸைப் பிடிச்சு வந்தேன்னாங்க.