வடத்தில் கை வைத்தவர்கள்

ஹலோ... ஹலோ... எஞ்சினீர் ஆபீஸா? ஸ்ரீரங்கன் சாரைக் கூப்புடுங்க, அவசரம்... மேஸ்திரி தேசப்பன். தேனாம்பேட்டைலேர்ந்து, சிலை எடுக்கற எடத்துலேர்ந்து... சாப்புடறாரா? கை களுவாம வரச் சொல்லுய்யா!

...

ஆங், சார்! நான்தான். எதிர்க்க மருந்துக்கடை ஷாஹுல் ஹமீது பாய் போன்லேர்ந்து பேசறேன்... இல்ல சார், மியூசியம் போய்ச் சேரல. வண்டியிலயே ஏறல. க்ராஸ்பி துரை தொங்கிக்கினு கீறாரு... ஆமா, ஆமா, அந்தரத்துலதான். பீடத்துலேர்ந்து தூக்கிட்டோம். எறக்க முடியல. கீள குப்பன் கீறான் சார்.

...குப்பன். என் தங்கச்சி கெங்கம்மா புருசன். அதுவும் இங்கதான் சித்தாள் வேலைக்கு வந்துக்கீது. வண்டி சாஞ்சி, சக்கரத்துக்கு அடியில கால் மாட்டிக்கிச்சி. நேர் மேல துரை... ஒரு டன்னு வெண்கலம்னு நீங்கதானே சார் சொன்னீங்க? கப்பியில வடத்தை மாட்டி எட்டுப் பேர் இஸ்துப் புடிச்சிக்கினு கீறாங்க. வண்டியத் தூக்கி அவனை எடுக்கணும்னா இன்னும் பத்துக் கை வேணும்.

...எப்பிடிச் சாஞ்சிதா? மாடு மிரண்டுச்சி... கல்லு வுட்டாங்க சார், கூட்டத்துலேர்ந்து... கதர்காரங்கதான். தெனம் ரெண்டு ரெண்டு பேரா சுத்தியல் எடுத்துனு வந்து, துரை சிலை கால்ல ஒரு போடு போட்டுட்டு ஜெயிலுக்குப் போவாங்களே, அவங்கதான். இன்னிக்கு நாப்பது பேரு.

...நடு மத்தியானம் ஜனம் சாப்புடப் போற நேரமா பாத்துக் கமுக்கமா எடுத்துடுன்னீங்க, ஆமா. அப்பிடித்தான் எடுத்தோம்... அது... கோவிச்சிக்காதீங்க சார். தூக்கறதுக்கு முன்னாடி பூசணிக்கா சுத்தி ஒடைச்சோம். கற்பூரம் ஏத்தினோம்.

...கும்புடல சார்! அய்ய, அவனையா கும்புடுவோம்? பஞ்சத்துல ஜனம் சாவசொல்லோ அரிசிய கப்பல் ஏத்துனவன். எங்க குப்பத்துலயே வூட்டுக்கு ஒரு பொணம் வுளுந்துதாம். ஆனா பாரம்னா பாரம் சார். கட்டுமரமா இருந்தாலும் சரி, கோயில் தேரா இருந்தாலும் சரி, பூசணிக்கா ஒடைக்காம தூக்குனா அது காவு கேக்கும். அவன் கண்ணு நம்ம மேல படக்கூடாதுன்னு துரை மூஞ்சியில சேப்புத் துணி வேற சுத்தினேன்.

...ஆமா. ஆமா சார். தூரத்துலேர்ந்து பாத்தவனுக்கு அது பரிவட்டம் கட்டி ஆரத்தி எடுத்தாப்பல கீது. என் புத்தியில அது தோணல. சர்க்கார் துரைக்குப் பூசை போடறாங்கன்னு ஒருத்தன் கத்தினான், அவ்ளோதான்... தப்புத்தான். என்னை அப்பாலிக்கா திட்டுங்க. இப்ப இன்ஸ்பெக்டருக்கு ஒரு வார்த்தை சொல்லுங்க.

...தடியடிக்கு ரெடியா கீறாங்க சார்! என் ஆளுங்க கூட்டத்துக்கு நடுவுல வடத்தைப் புடிச்சிக்கினு கீறாங்க. தடி எவன் மேல வுளும்னு கண்டுச்சா? ஒருத்தன் கைய வுட்டாலும் போச்சி. பத்தே நிமிசம் சும்மா இருக்கச் சொல்லுங்க... நான் சொன்னா கேக்கல. போன்ல வாங்கன்னேன். குதிரைய வுட்டு எறங்க மாட்டேன்றாரு.

...இன்னாது?

...மூக்கா? துரை மூக்கு நல்லாத்தான் கீது சார். குப்பன் காலுதான் நல்லா இல்ல.

...கமிஷனர் ஆபீஸுக்குப் பேசுங்க. உங்களுக்குக் கோடிப் புண்ணியம். நான் வைக்கல, நீங்க வேற போன்ல... வேற போன் இல்லியா? ஆளை அனுப்புறீங்களா? எப்ப சார் வந்து சேரும் ஆளு!

...பாய், வெளிய இன்னா சத்தம்? விசிலா?

ஐயோ. சார், அடிக்கறாங்க. அடிக்க ஆரம்பிச்சிட்டாங்க... டேய்! வுடாதீங்கடா! வடத்தை வுடாதீங்கடா!... பாய், நீங்க போயி கத்துங்க, என் கொரல் கேக்கல!... சார், லைன்ல இருங்க... மூணு பேர் வுளுந்துட்டாங்க. வடம் நழுவுது சார். துரை எறங்கறாரு. ஒரு சாண்... இன்னும் ஒரு சாண்... கெங்கம்மா ஓடுது. ஏ கெங்கம்மா, உள்ள போவாத!

...

...கீறேன் சார். கீறேன்.

...நின்னுடுச்சி. துரை நின்னுட்டாரு... அவங்க புடிச்சிட்டாங்க சார்... போலீஸ் இல்ல. கதர்காரங்க! கண்ணாடி போட்ட ஒரு அம்மா, சுத்தியலைத் தூக்கிக் கடாசிட்டு மொதல்ல அதுதான் பாஞ்சி வடத்தைப் புடிச்சிது. அப்பால ஒவ்வொருத்தரா... முதுவுல அடி வுளுது சார். வுடல. ஒருத்தனும் வுடல... சிரிக்கறதா அளுவறதா தெரியல. ஒடைக்க வந்தவங்க தூக்கிப் புடிச்சிக்கினு கீறாங்க.

...வண்டியத் தூக்கறாங்க. நிமுத்துங்கடா... அப்பிடித்தான்... வந்துட்டான்! குப்பன் வெளிய வந்துட்டான் சார். கெங்கம்மா மடியில கீறான். பேசறான். காலு... காலு போனா போவுது, ஆளு கீறான்.

...ஆமா, துரையையும் எறக்கறாங்க. மெதுவா. வண்டியில குந்த வெச்சாச்சி. ஒரு கீறல் இல்ல. உங்க வேலைக்கு ஒண்ணும் வராது.

...யாரு? ஆமா, இன்ஸ்பெக்டர் இப்பதான் எறங்கி வந்தாரு. கடை வாசல்ல நிக்கறாரு. உன் ஆளு எட்டுப் பேரைக் காட்டு, மிச்சம் பேரை லாரியில ஏத்தணும்ன்றாரு... நீங்களும் அதைத்தான் சொல்றீங்களா?

...எத்தினி மாசம் போடுவாங்க சார்?... ஆறு மாசமா. சரி.

...இல்ல, கேக்குது. அவங்க கையப் பாத்துக்கினு கீறேன்.

...சார், எட்டுப் பேர்னு நான் சொன்னது தப்பு. பதட்டத்துல சொல்லிட்டேன். நாப்பத்தெட்டு பேரு. அத்தினி பேரும் நான் கூட்டியாந்த ஆளுங்க.

...கதர் போட்டவன் கூலி வேலை செய்யக்கூடாதா?... ஆமா, அந்தக் கண்ணாடி அம்மாவும் என் ஆளுதான்... சுத்தியலா? அதுங்களும் என்துதான். முளை அடிக்கக் கொண்டாந்தது.

...பொய்யின்னா வேலையிலேர்ந்து எடுத்துடுங்க. எங்கப்பன் கட்டுமரம் இன்னும் கரையிலதான் கீது. ஆனா அதுக்கு முன்னாடி இன்ஸ்பெக்டரை ஒண்ணு செய்யச் சொல்லுங்க. ஒவ்வொருத்தன் கையையும் விரிச்சிக் காட்டச் சொல்லட்டும். வடம் தோலை உரிச்ச கை எல்லாம் என் ஆளுங்க கை. உரியாத கை ஒண்ணு இருந்தா, தாராளமா லாரியில ஏத்திக்கட்டும்.

...வெச்சிடறேன் சார். குப்பனைத் தூக்கணும். ஆள் நெறைய கீறாங்க.